மணிக்கட்டு ஒடிந்தால்: கட்டுப் போடும் நாளிலிருந்து கயிறு இழுக்கும் நாள் வரை

நான் பிசியோதெரபிஸ்ட். பிறந்தது தங்கச்சிமடம், வேலை பார்ப்பது ராமநாதபுரத்தில். என்னிடம் வருகிறவர்களில் பெரும்பாலோர் எலும்பு கூடிய பிறகுதான் வருகிறார்கள். எக்ஸ்ரேயில் எலும்பு ஒழுங்காகச் சேர்ந்திருக்கும். ஆனால் விரலை மடக்கிச் சோற்றை உருட்ட முடியாது, உள்ளங்கையை மேலே திருப்பி விபூதி வாங்க முடியாது. எலும்பு கூடுவது உடம்பின் வேலை, அதை உடம்பு பார்த்துக்கொள்ளும். விரலும் கை திருப்பலும் நம் வேலை, அதை யாரும் நமக்காகச் செய்து தர மாட்டார்கள். அதனால் இந்தக் குறிப்பில் எங்கே தொடங்கினாலும் விரலுக்கே வந்து நிற்பேன்.

எங்கள் பக்கம் கை ஒடிகிற இடங்கள் எனக்கு மனப்பாடம். விசைப்படகின் ஈரத் தளம், ராமேஸ்வரம் கோயிலில் 22 தீர்த்தமும் ஆடிவிட்டு ஈரத்துணியோடு நடக்கிற கல்தரை, பாசி எடுக்கப் போன பெண்கள் கால் வைக்கிற பாறை, இப்போது வீட்டுக்கு வீடு டைல்ஸ் ஒட்டிய பாத்ரூம். விழும்போது கை தானாக முன்னே போய் ஊன்றும். உடம்பு எடை மொத்தமும் மணிக்கட்டில் இறங்கும். பெரும்பாலும் ஒடிவது கட்டைவிரல் பக்கத்து எலும்பான ஆர எலும்பின் கீழ்முனை. 1814-ல் ஆபிரகாம் காலிஸ் என்ற டப்ளின் சர்ஜன் இதை எழுதிவைத்தார். எக்ஸ்ரே வந்தது 1895-ல்தான், ஆகவே அவர் கையால் தொட்டுப் பார்த்தே சொல்லியிருக்கிறார். உங்கள் சீட்டில் ‘காலிஸ் ஃப்ராக்சர்’ என்று எழுதியிருந்தால் அது அவர் பெயர்தான், புது வியாதி ஒன்றும் இல்லை.

முதல் ஒரு மணி நேரம்

மோதிரம், வளையல், கையில் கட்டிய கயிறு. இவைதான் முதல் வேலை, வலி மாத்திரை கூட அப்புறம்தான். வீக்கம் ஏறிவிட்டால் மோதிரம் விரலை நெரிக்கும். சோப்பு நுரையோ தேங்காய் எண்ணெயோ தடவித் திருகிக் கழற்றுங்கள். தங்க வளையலுக்குத் தாமதித்தால் ஆஸ்பத்திரியில் வெட்டித்தான் எடுக்க வேண்டியிருக்கும். கோயில் கயிறு, தர்கா கயிறு, மாதா கோவில் கயிறு எல்லாம் அப்படித்தான். “அத அவுக்கக் கூடாது தங்கச்சி” என்று சொல்லாத குடும்பமே இல்லை. நீங்களே அவிழ்த்து சாமி படத்துக்கு முன்னால் வைத்துவிட்டு வந்தால், அங்கே நர்ஸ் கத்தரி எடுக்கிற வேலை மிச்சம்.

அடுத்து, கை எந்தக் கோணத்தில் கிடக்கிறதோ அதே கோணத்தில் அசையாமல் பிடிக்க வேண்டும். மடித்த அட்டைப்பெட்டி, கனமாகச் சுருட்டிய செய்தித்தாள், படகில் என்றால் ஐஸ் பெட்டித் தெர்மகோல் துண்டு, எதுவும் போதும். முழங்கைக்குக் கீழிருந்து உள்ளங்கை வரை வைத்து, துண்டாலோ கைலியாலோ தளர்வாகச் சுற்றி, கழுத்தில் தூளி கட்டித் தொங்கவிடுங்கள். மீன் ஐஸ் இருந்தால் துணியில் சுற்றி 15 நிமிடம் வைக்கலாம். தோலில் நேராக வைத்தால் தோல் வெந்துபோகும். ஆஸ்பத்திரி போய்ச் சேரும்வரை சாப்பிடாமல் இருப்பது நல்லது. எலும்பை நிமிர்த்த மயக்கம் கொடுக்க நேர்ந்தால் வயிறு காலியாக இருக்க வேண்டும்.

“நான் இழுத்து விடுறேன், சரியாப் போயிரும்” என்று ஒரு மாமா கட்டாயம் வருவார். அவருக்கு ஒரு டீ வாங்கிக் கொடுத்து உட்கார வையுங்கள்.

நாட்டுக்கட்டு பற்றி என்னிடம் கேட்கிறார்கள். கட்டுகிறவர்களில் கைப்பழக்கம் உள்ளவர்கள் இருக்கிறார்கள், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் மூட்டுக்குள் எத்தனை துண்டாக உடைந்திருக்கிறது என்பது கைக்குத் தெரியாது, எக்ஸ்ரேக்குத்தான் தெரியும். இன்னொன்று, வீங்குகிற கையில் மூங்கில் பத்தையை இறுக்கிக் கட்டினால் இரத்தம் ஓடாமல் தசை சாகத் தொடங்கும். சில மணி நேரம் போதும், அதற்கு மேல் திரும்பாது. விரல்கள் பருந்தின் நகம்போல் வளைந்து இறுகிப்போன கைகளை நான் தொட்டுப் பார்த்திருக்கிறேன். அவற்றுக்கு என் பயிற்சியால் செய்ய முடிந்தது கொஞ்சம்தான். முதலில் எக்ஸ்ரே. அதில் எனக்கு விட்டுக்கொடுப்பு கிடையாது.

தோல் கிழிந்து எலும்பு தெரிந்தால் மஞ்சள், காப்பித்தூள் எதுவும் வைக்காமல் சுத்தமான துணியால் மூடி, 108-ஐ அழையுங்கள். காயத்தில் கடல் தண்ணீர் பட்டிருந்தால் அதை டாக்டரிடம் மறக்காமல் சொல்ல வேண்டும். கொடுக்கிற மருந்தே அதற்குத் தகுந்தபடி மாறலாம்.

கட்டா, கம்பியா, ப்ளேட்டா

எலும்பு விலகாமல் கீறல் மட்டும் என்றால் கட்டு போதும். விலகியிருந்தால் மரத்துப்போகும் ஊசி போட்டு இழுத்து நேராக்கி, முதலில் பாதிச்சுற்று மாவுக்கட்டு போடுவார்கள். ஸ்லாப் என்பது அதுதான். வீக்கத்துக்கு இடம் விட வேண்டும் என்பதற்காகத்தான் முழுக்கட்டுப் போடவில்லை. “அரைகுறையாப் போட்டு அனுப்பிட்டாங்க” என்று வருத்தப்படாதீர்கள். வீக்கம் வடிந்த பிறகு முழுக்கட்டு. மொத்தம் 5 முதல் 6 வாரம்.

இதற்கு நடுவில் ஒரு வேலையை எங்கள் ஊர்க்காரர்கள் பாதிப்பேர் விட்டுவிடுகிறார்கள். முதல் வாரமும் இரண்டாவது வாரமும் மறுபடி எக்ஸ்ரே எடுக்க வேண்டும். நேராக்கி வைத்த எலும்பு கட்டுக்குள்ளேயே நழுவலாம், வெளியே ஒன்றும் தெரியாது. அந்த இரண்டு வாரத்துக்குள் கண்டுபிடித்தால் திருத்துவது எளிது. 6 வாரம் கழித்துக் கட்டைப் பிரித்துப் பார்த்தால் கோணலாகவே கூடியிருக்கும். ராமேஸ்வரத்திலிருந்து ராமநாதபுரம் ஐம்பது கிலோமீட்டருக்கு மேல், பஸ்ஸில் ஒரு நாள் கூலி போகிறது என்பது எனக்குத் தெரியும். அந்த ஒரு நாளை மட்டும் மிச்சம் பிடிக்காதீர்கள்.

ஆபரேஷன் யாருக்கு? நிமிர்த்திய பிறகும் எலும்பு 3 மில்லிமீட்டருக்கு மேல் குட்டையாக நின்றால், 10 டிகிரிக்கு மேல் புறங்கைப் பக்கம் சாய்ந்திருந்தால், மூட்டுப் பரப்பில் 2 மில்லிமீட்டருக்கு மேல் மேடுபள்ளம் இருந்தால் டாக்டர்கள் ஆபரேஷன் பேச்சை எடுப்பார்கள். ஆனால் இந்தக் கணக்கெல்லாம் உழைக்கிற வயதுக்காரருக்குத்தான் பொருந்தும். 65 வயதைத் தாண்டியவர்களுக்கு ப்ளேட் வைத்தாலும் கட்டுப் போட்டாலும் ஒரு வருடம் கழித்துக் கை செய்கிற வேலையில் பெரிய வித்தியாசம் இல்லை என்பதை ஆய்வுகள் திரும்பத் திரும்பக் காட்டியிருக்கின்றன. மணிக்கட்டு பார்க்கக் கொஞ்சம் கோணலாக இருக்கும், அவ்வளவுதான். ஆகவே எழுபது வயது அப்பத்தாவுக்கு “ஆபரேஷன் வேண்டாம், கட்டே போதும்” என்று டாக்டர் சொன்னால் ஏழை என்று ஒதுக்குகிறார் என்று நினைக்காதீர்கள். அதுவும் வைத்தியம்தான்.

கம்பி என்றால் தோலுக்கு வெளியே நுனி நீட்டிக்கொண்டிருக்கும் மெல்லிய கம்பிகள். 4 முதல் 6 வாரத்தில் வெளிநோயாளிப் பிரிவிலேயே உருவி எடுத்துவிடுவார்கள். செலவு குறைவு. ஆனால் அந்த நுனிகள் நனையக் கூடாது. மீன் ஏலக்கூடத்தில் நிற்பவர், கருவாடு கழுவுகிறவர், தண்ணீரிலேயே புழங்குகிற யாரும் இதை டாக்டரிடம் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். சீழ் பிடித்தால் கம்பியை நாள் முடியும் முன்பே எடுக்க நேரும். ப்ளேட் என்றால் உள்ளங்கைப் பக்கம் கீறி, உள்ளே வைத்து ஸ்குரு போடுவது. இதில் ஒரு லாபம்: ஏறக்குறைய இரண்டு வாரத்திலேயே மணிக்கட்டை அசைக்க விடுவார்கள். ப்ளேட்டைப் பெரும்பாலும் எடுக்க வேண்டியதில்லை. கீழக்கரையில் துபாய்க்கும் சவூதிக்கும் போகிறவர்கள் எல்லாரும் கேட்கிற கேள்வி, ஏர்போர்ட்டில் சத்தம் போடுமா என்பது. போட்டாலும் போடும், சொன்னால் விட்டுவிடுவார்கள். அதைவிட முக்கியமானது, புதிதாக முழுக்கட்டுப் போட்ட ஓரிரு நாளில் விமானம் ஏறாமல் இருப்பது. கட்டுக்குள் கை வீங்கினால் வானத்தில் பிரிக்க ஆளில்லை.

ஆபரேஷன் என்று முடிவானால் முதலமைச்சரின் காப்பீட்டு அட்டையைக் கவுண்டரில் முன்பே காட்டிக் கேளுங்கள். ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் உள்ள குடும்பங்களுக்கானது அது. அனுமதி வாங்கிய பிறகுதான் ஆபரேஷன் என்பதால், கடைசி நேரத்தில் அட்டையைத் தேடி ஊருக்கு ஆள் அனுப்புகிற கூத்து வேண்டாம்.

கட்டுக்குள் இருக்கும் நாட்கள்

கட்டு வந்த அன்றே பார்க்க வேண்டியது உள்ளங்கை ரேகை. விரல் மடங்கும் இடத்து ரேகைக்குக் கீழேயே கட்டு முடிந்திருக்க வேண்டும். அதைத் தாண்டி விரல் முட்டியை மூடியிருந்தால் விரலை முழுசாக மடக்க முடியாது. அன்றைக்கே காட்டிக் கொஞ்சம் வெட்டிவிடச் சொல்லுங்கள்.

விழித்திருக்கும் நேரமெல்லாம் மணிக்கு ஒரு முறை விரலை வேலை வாங்குங்கள். முழுசாக விரி, விரல் நடுக்கணுவை மட்டும் மடக்கிக் கொக்கி போடு, முழு முஷ்டி பிடி, கட்டைவிரல் நுனியால் மற்ற நான்கு விரல் நுனியையும் ஒவ்வொன்றாகத் தொடு. ஒவ்வொன்றும் பத்துத் தடவை. ஜெபமாலை சொல்கிறவர்களுக்கும் தஸ்பீஹ் எண்ணுகிறவர்களுக்கும் இது பழகிய அசைவு, அந்தக் கையாலேயே செய்யச் சொல்கிறேன். விரலை இழுக்கிற தசைநாண்கள் மணிக்கட்டுக்குள் சிறு குழாய் வழியாக ஓடுகின்றன. அசைக்காமல் விட்டால் உப்பேறிய கப்பியில் கயிறு நிற்பதுபோல் அங்கேயே நின்றுவிடும். எலும்பு கூடுகிறவரை விரலை அசைக்கக் கூடாது என்று யார் சொன்னாலும் கேட்காதீர்கள். கட்டு பிடித்திருப்பது மணிக்கட்டைத்தான், விரலை அல்ல.

தோளையும் விட்டுவிடாதீர்கள். தூளியை நாள் முழுக்கப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தால், அதுவும் சர்க்கரை உள்ளவர்களுக்கு, தோள் இறுகிவிடும். மணிக்கட்டு சரியாகிவிட்டது, தலை வார முடியவில்லை என்று வருவார்கள். தூளியைக் கழற்றிக் கையை உச்சந்தலைக்கு மேலே தூக்கி இறக்குங்கள், முழங்கையை மடக்கி நீட்டுங்கள். முதல் வாரம் படுக்கும்போது தலையணை மேல் கையை நெஞ்சைவிட உயரமாக வைத்தால் வீக்கம் இறங்கும்.

அரிப்பு பெரிய தொல்லை, எங்கள் புழுக்கத்தில் சொல்லவே வேண்டாம். ஈர்க்குச்சி, பின்னல் ஊசி எதையும் உள்ளே விடாதீர்கள். உள்ளே கீறிய புண் சீழ் பிடித்து நாறிய பிறகுதான் தெரியும். பவுடரும் கொட்டக் கூடாது. ஃபேன் காற்றைக் கட்டின் வாய்க்குக் காட்டலாம், மேலே லேசாகத் தட்டலாம். கரையில் உட்காரும்போது கட்டின் இரண்டு வாயிலும் துணி சுற்றிக்கொள்ளுங்கள். ஒரு பிடி மணல் உள்ளே போனால் ராத்திரித் தூக்கம் போச்சு. குளிக்கும்போது பாலித்தீன் பை கட்டி, கையைத் தூக்கிப் பிடித்துக் குளியுங்கள். ஃபைபர் கட்டு நனைந்தால் கெடாது என்பார்கள், உள்ளே இருக்கிற பஞ்சு நனைந்தால் தோல் ஊறிப்போகும்.

யாரும் எழுதாத ஒரு விஷயம்: ஒடிந்தது இடது கை என்றால் கழிப்பறையில் என்ன செய்வது? வெட்கப்பட்டுக்கொண்டு சாப்பாட்டையே குறைத்துக்கொள்கிற வயதான அம்மாக்களைப் பார்த்திருக்கிறேன். கைக்குழாய் ஒன்று மாட்டிவிட்டால் வலது கையால் சமாளிக்கலாம், பிறகு சோப்பு. மருமகள் கேட்க மாட்டாள், மாமியார் சொல்ல மாட்டார். யாராவது ஒருவர் வாய் திறந்து பேசி அந்தக் குழாயை மாட்டிவிடுங்கள்.

எப்போது உடனே ஓட வேண்டும்? விரல் நீலமாகவோ வெளுத்தோ போனால், மரத்துப்போனால், கையைத் தூக்கி வைத்தும் மாத்திரை போட்டும் வலி ஏறிக்கொண்டே போனால், விரலை இன்னொருவர் நிமிர்த்தும்போது உயிர் போகிற வலி வந்தால். இது ராத்திரி இரண்டு மணி என்றாலும் விடியட்டும் என்று இருக்கிற விஷயம் இல்லை. கட்டைப் பிளந்துவிட்டால் கை பிழைக்கும். கட்டைவிரல், ஆள்காட்டி, நடுவிரல் மூன்றும் நாள் கணக்கில் மதமதவென்று இருந்தாலும் காட்ட வேண்டும். இன்னொன்று அபூர்வம், ஆனால் நடக்கும். லேசான முறிவுதான், எல்லாம் சரியாகப் போகிறது, சில வாரம் கழித்து ஒரு நாள் கட்டைவிரலை மேலே தூக்க முடியவில்லை. அதை இழுக்கிற தசைநாண் தேய்ந்து அறுந்திருக்கும். அதற்குத் தைலம் இல்லை, ஆபரேஷன்தான்.

கட்டைப் பிரித்த பிறகு

பிரித்த அன்று கையைப் பார்த்து மனம் ஒடிந்துபோகாதீர்கள். மெலிந்து, தோல் உரிந்து, முடி கூடியிருக்கும். அசைத்தால் மரக்கட்டையாக நிற்கும். வெதுவெதுப்பான தண்ணீரில் பத்து நிமிடம் வைத்துவிட்டுத் தொடங்குங்கள். மேசை விளிம்பில் முன்கையை வைத்துக் கையை வெளியே தொங்கவிட்டு மேலும் கீழும், ஒவ்வொரு முனையிலும் ஐந்து விநாடி. பிறகு இரு கையையும் கும்பிட்டு, உள்ளங்கை பிரியாமல் மெல்லக் கீழே இறக்குங்கள்.

மூன்றாவதுதான் எல்லாரும் ஏமாற்றுகிற பயிற்சி, கையைத் திருப்புவது. கீழக்கரை லாத்தா (அக்கா) ஒருவர் எல்லா வேலையும் செய்கிறார். துஆவுக்கு இரண்டு கையை ஏந்தினால் ஒரு உள்ளங்கை மட்டும் சுவரைப் பார்க்கிறது. “மத்ததெல்லாம் போகட்டும்மா, இத மட்டும் சரி பண்ணிக் குடு” என்றார். தோசைக் கரண்டியைக் காம்பின் நுனியில் பிடிக்கச் சொன்னேன், தட்டை மேலே நிற்கும்படி. மடித்த துண்டு ஒன்றை முழங்கைக்கும் விலாவுக்கும் நடுவில் இடுக்கச் சொன்னேன். இப்போது கரண்டியை மெல்ல வெளிப்பக்கம் சாய்க்க வேண்டும். கரண்டியின் கனமே கையை இழுத்துத் திருப்பும். துண்டு கீழே விழுந்தால் திருப்பியது மணிக்கட்டு அல்ல, தோள். முதல் வாரம் அவருக்குத் துண்டு விழுந்துகொண்டே இருந்தது. விழாமல் திருப்பத் தெரிந்த பிறகு கரண்டிக்குப் பதில் சுத்தியல் கொடுத்தேன். நாளைக்கு மூன்று வேளை, வேளைக்குப் பத்து. தொழுகையில் நெற்றியைத் தரையில் வைக்கிற சஜ்தாவில் கையை ஊன்றுவதை மட்டும் கடைசிக்கு வைத்துக்கொள்ளச் சொன்னேன், அதுவரை நாற்காலி.

வலி எவ்வளவு தாங்கலாம்? இழுக்கிற வலி வந்து அரை மணி நேரத்தில் அடங்கினால் சரி. இரவெல்லாம் வீங்கி நின்றால் அடுத்த நாள் குறைத்துக்கொள்ளுங்கள். மற்றவர் பிடித்து முறுக்கக் கூடாது. கை பளபளவென்று வீங்கி, சூடாக, வேர்த்து, தொட்டாலே எரிகிறது என்றால் வீட்டில் முயலாமல் உடனே காட்டுங்கள். அது தனி நோய், சீக்கிரம் பிடித்தால்தான் அடங்கும்.

வெளியே வர முடியாத பெரியவர்கள் என்றால் மக்களைத் தேடி மருத்துவம் மூலம் பிசியோ வீட்டுக்கே வர வழி இருக்கிறது. 2021-ல் தொடங்கிய திட்டம். உங்கள் ஆரம்ப சுகாதார நிலையத்தில் கேளுங்கள்.

வேலைக்கு எப்போது என்றால், ஆளைப் பொறுத்து, வேலையைப் பொறுத்து. டம்ளர் தூக்குவது, சட்டை பொத்தான் போடுவது பிரித்த நாளிலிருந்தே. ஒரு குடம் தண்ணீர் சுமார் 15 கிலோ, தள்ளுவண்டியில் வைத்துத் தள்ளினாலும் மணிக்கட்டு பின்னால் மடிந்துதான் தள்ளுகிறது. அதற்கு 3 மாதம். சின்னப்பாலத்துப் பெண்கள் மரிக்கொழுந்துப் பாசியைப் பாறையிலிருந்து பிடுங்குவதும் அதே கணக்கு. கடல் தண்ணீரால் கூடிய எலும்புக்குக் கெடுதல் இல்லை, வழுக்கி மறுபடி அதே கையை ஊன்றுவதுதான் கெடுதல். படகில் ரோப்பு இழுப்பதற்கு 3 முதல் 4 மாதம். மீன்பிடித் தடைக்காலத்தில் கை ஒடிந்தவர்கள் ஜூன் 14 முடிந்து படகு இறங்கும் நாளில் தாமும் போய்விடத் துடிக்கிறார்கள். அந்த 61 நாளில் எலும்பு கூடியிருக்கும், பிடி வந்திருக்காது. போயே ஆக வேண்டும் என்றால் ஓட்டுநர் பக்கம் நில்லுங்கள், வலை இழுக்கிற வின்ச் பக்கம் வேண்டாம். பிடி ஒரு வருடம் வரை ஏறிக்கொண்டே போகும்.

மீன் சாப்பிட்டால் சீழ் வைக்கும் என்பது மீன்பிடிக்கிற ஊரிலேயே நிலவுகிற நம்பிக்கை, அதுதான் எனக்கு ஆச்சரியம். நன்றாகச் சாப்பிடுங்கள். சாளை, முள்ளோடு மெல்லுகிற நெத்திலி, கேப்பைக் கூழ், முட்டை. எலும்பு சூப் ருசிக்குக் குடியுங்கள், எலும்பை அது ஒட்டவைக்காது. பீடியை மட்டும் நிறுத்துங்கள், அது எலும்பு கூடுவதைத் தாமதப்படுத்தும்.

பிள்ளைகளுக்குச் சீக்கிரம் கூடும், லேசான நசுங்கலுக்கு 3 வாரம் போதும், பயிற்சி கூட வேண்டாம், விளையாடியே சரியாக்கிக்கொள்வார்கள். இளவட்டங்களுக்கு வேறு ஒரு எச்சரிக்கை. எக்ஸ்ரேயில் ஒன்றுமில்லை என்றார்கள், ஆனால் கட்டைவிரலைத் தூக்கினால் அதன் அடியில் விழுகிற குழியை அழுத்தினால் வலிக்கிறது என்றால், ஸ்கேஃபாய்டு என்ற குட்டி எலும்பு ஒடிந்திருக்கலாம். முதல் எக்ஸ்ரேயில் தெரியாமல் போவது உண்டு. கட்டுப் போட்டு 10 முதல் 14 நாளில் மறுபடி எடுக்க வேண்டும். இரத்த ஓட்டம் குறைவான எலும்பு, சுளுக்கு என்று நீவிவிட்டு விட்டால் சேராமலே நின்றுவிடும்.

ஐம்பது வயதைத் தாண்டிய பெண் நின்ற இடத்தில் வழுக்கி மணிக்கட்டு ஒடிந்தால், விழுந்தது மட்டும் காரணம் இல்லை, எலும்பே மெலிந்திருக்கலாம். இப்படி ஒடிந்தவர்களுக்குப் பின்னாளில் இடுப்பெலும்பு முறியும் ஆபத்து கூடுதல். கட்டைப் பிரிக்கப் போகிற அன்றே எலும்பு அடர்த்தி பார்க்கும் டெக்ஸா ஸ்கேன் வேண்டுமா, வைட்டமின் டி அளவு பார்க்க வேண்டுமா என்று டாக்டரிடம் கேளுங்கள். சீட்டின் பின்பக்கம் எழுதி எடுத்துக்கொண்டு போங்கள், கூட்டத்தில் மறந்துபோகும்.